விலை விழுந்தால் லாபம்!
22 பிள்ளைகள் பெற்ற வியாபாரியின் கதை

நாகப்பட்டினத்தை 1658-ம் ஆண்டு டச்சுக்காரர்கள் போர்த்துக்கீசியரிடம் இருந்து பிடித்தார்கள். 1781 வரை ஊர் அவர்கள் கையில் இருந்தது. அதிகாரம் செலுத்தியது ராஜா அல்ல. ஒரு வியாபாரக் கம்பெனி! டச்சு கிழக்கு இந்திய கம்பெனி என்று பெயர். அது நாகைக்கு வருவதற்கு ஏறக்குறைய 50 ஆண்டுகளுக்கு முன்பே, அதன் பங்கு விலை விழுந்தால் பணம் பண்ணலாம் என்று திட்டம் போட்டார் ஒருவர். அவர்தான் இசாக் லெ மேர்.

இன்றைய பெல்ஜியத்தில் உள்ள தூர்னேயில் பிறந்தவர். ஆம்ஸ்டர்டாமில் பெரிய வியாபாரி ஆனார். 22 பிள்ளைகள்!

1602-ல் கம்பெனி தொடங்கியபோது 85 ஆயிரம் கில்டர் போட்டார். (கில்டர் என்பது டச்சு நாணயம்.) அவ்வளவு பணம் வேறு யாரும் போடவில்லை. ஆனால் கணக்கு விஷயத்தில் தகராறு வந்தது. 1605-ல் விலகினார். போட்டி வியாபாரம் செய்வதில்லை என்று எழுதியும் கொடுத்தார்.

மனம் ஆறவில்லை. 1609-ல் ரகசியமாகக் கூட்டாளிகளைச் சேர்த்தார்.

இல்லாததை விற்றார்

கையில் ஒரு மணி நெல் இல்லாதவர், தை மாதம் 100 மூட்டை தருவதாக இன்றே விலை பேசுகிறார். தையில் விலை இறங்கினால் மலிவாக வாங்கிக் கொடுப்பார், மிச்சம் லாபம். ஏறினால்? வீட்டை விற்றாவது வாங்கிக் கொடுக்க வேண்டும். இறங்கும் விலைக்குத் தரை உண்டு. ஏறும் விலைக்குக் கூரை கிடையாது!

லெ மேர் கூட்டம் பங்குகளை இப்படித்தான் விற்றது. கம்பெனியைப் பற்றி வதந்திகளும் கிளம்பின. விலை சரிந்தது. விதவைகள், அநாதைகள் போட்ட பணம் போகிறது என்று கம்பெனி முறையிட்டது. 1610 பிப்ரவரியில், கையில் இல்லாத பங்கை விற்க அரசு தடை போட்டது.

(இந்தியாவிலும் ‘செபி’ விதிப்படி, விற்ற பங்கைக் கடன் வாங்கியாவது கொடுத்தே தீர வேண்டும். விலை ஏறும், இறங்கும் என்று பந்தயம் போலக் கட்ட ‘பியூச்சர்’, ‘ஆப்ஷன்’ உண்டு. 2021 ஏப்ரல் முதல் 2024 மார்ச் வரை அதில் இறங்கிய தனி நபர்களில் 100-க்கு 93 பேர் நஷ்டப்பட்டார்கள் என்கிறது செபி கணக்கு.)

அதே 1610-ல் கம்பெனி பங்குதாரர்களுக்கு லாபம் கொடுத்தது. பெரும்பகுதி ரொக்கம் அல்ல, ஜாதிபத்திரியும் மிளகும்! பங்கு விலை ஏறியது. கூட்டாளிகள் சிலர் திவால் ஆனார்கள். லெ மேர் நகரத்தை விட்டு எக்மண்ட் என்ற கிராமத்துக்குப் போய்விட்டார்.

பிறகாவது சும்மா இருந்தாரா? கிழக்கே போகப் புதுவழி தேடி மகன் யாக்கோப்பைக் கப்பலில் அனுப்பினார். 1616-ல் கப்பல் தென் அமெரிக்காவின் தென்முனையைச் சுற்றி ஜாவா சேர்ந்தது. கம்பெனி அதைப் பறித்துக்கொண்டது. ஊர் திரும்பும் வழியில், நடுக்கடலில் யாக்கோப் இறந்தார்.

லெ மேர் 1624-ல் காலமானார். 30 ஆண்டுகளில் பெரும் பணம் இழந்தவர், மானத்தை மட்டும் இழக்காதவர் என்று அவருடைய கல்லறையில் பொறித்தார்கள்.