உறவினர்களின் வழக்குகளும் உமர் (ரலி) அவர்களும்



வேலித் தகராறில் அண்ணன் தம்பி கைகலப்பு, சம்பந்தி வீட்டாரிடையே அடிதடி. அப்புறம் காவல் நிலையம், எஃப்.ஐ.ஆர்., வருடக்கணக்கில் வாய்தா. இப்படி அலைகிற குடும்பம் உங்கள் மஹல்லாவிலும் இருக்கும். அவர்களை மனதில் வைத்து உமர் இப்னுல் கத்தாப் (ரலி) அவர்களின் வாழ்க்கையைப் பாருங்கள். அவர்களின் வீரத்தை நிறையவே கேட்டிருக்கிறோம். சொந்தக்காரர்களின் வழக்கை அவர்கள் எப்படிக் கையாண்டார்கள் என்பதை அவ்வளவாகக் கேட்டதில்லை.

உமர் (ரலி) அவர்கள் குறைஷிகளில் பனூ அதீ கிளையைச் சேர்ந்தவர்கள். குறைஷிகளுக்கும் பிற குலத்தாருக்கும் சச்சரவு வந்தால் தூது போகும் பொறுப்பு அக்கிளையிடம் இருந்தது. ஆனால் அவர்கள் வீட்டுக்குள்ளேயே பகை இருந்தது. சிலை வணக்கத்தை வெறுத்த தம் சகோதரர் மகன் ஸைதைத் தந்தை கத்தாப் துன்புறுத்தினார். அந்த ஸைதின் மகன் ஸயீதைத்தான் உமரின் சகோதரி ஃபாத்திமா மணந்திருந்தார். இருவரும் இஸ்லாத்தை ஏற்றதை அறிந்து உமர் அவர்கள் கைநீட்டியதும், சகோதரி முகத்தில் இரத்தத்தைக் கண்டதும் மனம் இளகியதும் சீரா நூல்களில் உள்ளது. இரத்த உறவுக்குள் அடி விழுந்தால் எப்படி வலிக்கும் என்பது அவர்களுக்குத் தெரியும்.

அபூபக்ர் (ரலி) அவர்களின் ஆட்சியில் நீதிபதியாக இருந்தார்கள். ஒரு வருடம் வரை வழக்கென்று யாரும் அவர்களிடம் வரவில்லை என்று வரலாற்று நூல்கள் கூறுகின்றன. நம் கோர்ட் வராண்டாக்களை ஒருமுறை நினைத்துப் பாருங்கள்!

ஹிஜ்ரி 13 முதல் 23 வரை (கி.பி. 634-644) கலீஃபாவாக இருந்தபோது நீதிபதிகளுக்கு ஓர் உத்தரவு போட்டார்கள். வழக்காட வருவோரிடையே உறவு இருந்தால், அவர்களே பேசிச் சமாதானம் ஆகும்படி திருப்பி அனுப்ப வேண்டும். தீர்ப்பு மனங்களில் குரோதத்தை விட்டுச் செல்கிறது என்பதே அவர்கள் சொன்ன காரணம். தீர்ப்புக்குப் பிறகு அந்நியர்கள் தத்தம் வழியில் போய்விடலாம். அண்ணனும் தம்பியும் ஒரே ஜனாஸாவில் தோளோடு தோள் நிற்க வேண்டுமே!

கொலை வழக்கு ஒன்றும் அவர்களிடம் வந்தது. கொலையுண்டவரின் வாரிசுகள் கொலையாளியின் உயிரைக் கேட்டு வந்தார்கள். அந்த வாரிசுகளில் ஒரு பெண்ணின் நிலையை யோசியுங்கள். இறந்தவர் அவளுடைய கணவர். கொன்றவனோ அவளுடைய உடன்பிறந்தவன். அவள் தன் உரிமையை மன்னித்துவிட்டதாகச் சொன்னாள். உமர் (ரலி) அவர்கள் தக்பீர் முழங்கி, கிஸாஸ் நீங்கிவிட்டது என்று அறிவித்தார்கள். வாரிசுகளில் ஒருவர் மன்னித்தாலும் உயிருக்கு உயிர் எடுக்க முடியாது. மன்னிக்காத மற்றவர்களுக்கு தியத் எனும் ஈட்டுத்தொகையில் பங்கு உண்டு என்பது இதைப் பின்பற்றி அறிஞர்கள் எடுத்த சட்டம்.

அவளை யாரும் மிரட்டி மன்னிக்க வைக்கவில்லை. மன்னிக்காதவர்களின் பங்கையும் யாரும் விழுங்கவில்லை. இதை இங்கே அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. சமாதானம் என்ற பெயரில் அடிபட்ட மருமகளை வாயடைக்கிற பஞ்சாயத்துகளும் நம்மிடையே நடக்கின்றன. அபூமூஸா அல்அஷ்அரீ (ரலி) அவர்களுக்கு உமர் (ரலி) அவர்கள் எழுதிய கடிதம் அதற்கு இடம் தரவில்லை. சமாதானம் கூடும், ஹராமை ஹலாலாக்குவதும் ஹலாலை ஹராமாக்குவதும் கூடாது. பார்வையிலும் அமர்த்துகிற இடத்திலும் இரு தரப்பையும் சமமாக நடத்த வேண்டும். பலசாலி உங்கள் சாய்வை எதிர்பார்க்கக் கூடாது, பலவீனர் உங்கள் நீதியில் நம்பிக்கை இழக்கக் கூடாது.

சமாதானம் பேசப்போகும் முத்தவல்லிகளும் பெரியவர்களும் நம் நாட்டுச் சட்டத்தையும் தெரிந்துகொண்டு போக வேண்டும். ஜமாஅத்தில் எழுதி வாங்கிய காகிதத்தால் மட்டும் கிரிமினல் வழக்கு முடிந்துவிடாது. சாதாரணக் காயம் போன்ற சில குற்றங்களில் சமரசம் செய்துகொள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359-ஆவது பிரிவு வழிவிடுகிறது. சிலவற்றுக்கு நீதிமன்ற அனுமதியும் வேண்டும். கொலை அந்தப் பட்டியலில் இல்லை. சாதாரணக் காயம் என்றால், சமரசத்துக்கு ஒப்புக்கொள்ளும் உரிமை அடிபட்டவருக்குத்தான் உண்டு. அவருடைய பெரியப்பாவுக்கோ ஜமாஅத் தலைவருக்கோ கிடையாது. ஆகவே முதலில் அவரிடம் தனியாக உட்கார்ந்து, அவருக்கு என்ன வேண்டும் என்று கேளுங்கள்.