காந்தியின் காட்சிகளைத் தேடி உலகம் சுற்றிய தமிழர்: யார் இந்த ஏ.கே. செட்டியார்?

மகாத்மா காந்தியைப் பற்றி இரண்டு நிமிட வீடியோ ஒன்று செய்யணும்னு வச்சுக்குவோம். உப்பு யாத்திரைக் காட்சி வேணும். தம்போயில் வீட்டில் உட்கார்ந்தபடியே தேடினால் போதும், சில நொடிகளில் கிடைச்சிடும்.

1937இல் அதே காட்சிக்குக் கப்பல் ஏறணும். ஏறினார் ஒரு தமிழர்.

காரைக்குடி அருகே கோட்டையூரில் 1911இல் பிறந்தவர் ஏ.கே. செட்டியார். பர்மாவில் 'தனவணிகன்' இதழை நடத்தினார். பிறகு தோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை படித்தார். நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் போகும்போதுதான், 1937 அக்டோபர் 2ஆம் தேதி, காந்தியின் பிறந்தநாளன்று, அந்த யோசனை வந்தது: காந்தியைப் பற்றி ஒரு முழுநீள ஆவணப்படம். அப்போது அவருக்கு 26 வயதுகூட நிறையவில்லை!

புதிதாகப் படம் பிடித்தால் மட்டும் போதாது. காந்தியின் கடந்த காலம் ஏற்கெனவே யார் யாரோ எடுத்த படச்சுருள்களில் கிடந்தது. இந்தியா, ஐரோப்பா, அமெரிக்கா, தென்னாப்பிரிக்கா எனச் சிதறியும் கிடந்தது. யார் எடுத்தார்கள், இப்போது யாரிடம் இருக்கிறது, பிரதி தருவார்களா என்று ஒவ்வொன்றுக்கும் நேரில் போய்க் கேட்கணும். கிடைத்த சுருளைப் பத்திரமாகக் கொண்டுவருவதும் சாதாரண வேலை இல்லை. அந்தக் காலத்துப் படச்சுருள் சட்டென்று தீப்பிடிக்கும்.

இன்னொரு தலைவலியும் உண்டு. பேசாப்படக் காலத்தில் எடுத்ததைப் பேசும்பட வேகத்தில் ஓட்டினால், நடப்பவர்கள் ஓடுவதுபோல் தெரிவார்கள். பழைய வீடியோக்களில் நீங்களும் பார்த்திருப்பீங்க.

சுமார் 1,00,000 மைல் சுற்றினார் செட்டியார். 30 ஆண்டுகளில் 100 பேர் வரை எடுத்த காட்சிகள், மொத்தம் 50,000 அடி. பேசும்பட வேகத்தில் 9 மணி நேரத்துக்கும் மேல் ஓடும். அதை 12,000 அடியாக வெட்டி, 1940 ஆகஸ்டில் தமிழில் வெளியிட்டார். தெலுங்கிலும் வந்தது. 1953இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் வந்தது.

'குமரி மலர்' இதழையும் நடத்தினார். அதிலும் இதே குணம்தான்: பழைய பத்திரிகைகளில் மறந்துபோன கட்டுரைகளைத் தேடியெடுத்து மறுபடி அச்சிட்டார். நிறைய பயணநூல்களும் எழுதினார். 'மலேயா முதல் கனடா வரை' என்றே ஒன்றுக்குப் பெயர். ஆனால் தன்னைப் பற்றி எழுதுவது மட்டும் அவருக்குப் பிடிக்காது. 1983இல் காலமானார்.

இத்தனை பேரின் சுருள்களைத் தேடிச் சேர்த்தவரின் சொந்தப் படம் என்ன ஆச்சு தெரியுமா? காணாமல் போச்சு. வரலாற்றாசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதி பல ஆண்டுகள் தேடினார். கடைசியில் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் ஒரு பிரதி கிடைத்தது. சுருக்கப்பட்ட ஆங்கில வடிவம் அது. செட்டியார் 1940இல் திரையிட்ட தமிழ்ப் படம் அந்தத் தேடலில் கிடைக்கவில்லை.