நேரத்தை வளைக்கும் படிகம் நிஜமா? வத்திராயிருப்பு கே.எஸ்.கிருஷ்ணன் கண்ட பதில்

நேரத்தையே வளைக்கும் படிகக்கல்லை சினிமாவில் பார்த்திருப்போம். நிஜத்தில் அப்படியொரு கல் கிடையாது. ஆனா படிகம் நமக்குப் புதுசு இல்லை. சிவகாசி பக்கம் நாரணாபுரத்தில் பட்டாசு மருந்துக்குச் சேர்க்கிற வெடியுப்பும் படிகம்தான்.

படிகங்களின் உள்ளமைப்பைத் துருவிப் பார்த்த கே.எஸ்.கிருஷ்ணனும் இதே மாவட்டத்துக்காரர்தான். 1898-ல் வத்திராயிருப்பில் பிறந்து, ஸ்ரீவில்லிபுத்தூரிலும் மதுரையிலும் சென்னையிலும் படித்தார். 1928-ல் கொல்கத்தாவில் சி.வி.ராமனோடு சேர்ந்து ராமன் விளைவைக் கண்டறிந்தார். 1930-ல் நோபல் பரிசு ராமனுக்கு மட்டும் கிடைத்தது. அதற்கு முன்பே கிருஷ்ணன் டாக்கா பல்கலைக்கழகம் சென்று படிக ஆய்வில் இறங்கிவிட்டார்.

அவர் செய்தது என்ன? ஒரு சின்னப் படிகத்தை மெல்லிய இழையில் கட்டி, காந்தத்தின் இரு முனைகளுக்கு நடுவே தொங்கவிட்டார். இழையின் மேல்நுனியை மெதுவாக முறுக்கினால், ஒரு கட்டத்தில் படிகம் சட்டெனத் திரும்பும். அந்த முறுக்கின் அளவை வைத்து, படிகத்தின் காந்தத்தன்மை திசைக்குத் திசை எவ்வளவு மாறுகிறது என்று கணக்கிட்டார். உள்ளே மூலக்கூறுகள் எப்படி அடுக்கப்பட்டிருக்கின்றன என்பதும் அதிலிருந்து புலப்பட்டது.

1940-ல் லண்டன் ராயல் சொசைட்டி அவரை உறுப்பினராக்கியது. 1947-ல் டெல்லி தேசிய இயற்பியல் ஆய்வகத்தின் முதல் இயக்குநரானார். 1961-ல் காலமானார்.

இந்திய நேரத்தை இன்று அணுக் கடிகாரங்களால் காப்பது அதே ஆய்வகம்தான். நம்ம கைக்கடிகாரத்துக்குள் நொடிக்கு 32,768 முறை துடிப்பது குவார்ட்ஸ் படிகம். படிகம் நேரத்தை வளைக்காது. சரியாக எண்ணிக் காட்டும்.