மாண்டிசோரி அம்மையாரும் ஏழைத் தாய்மாரின் பாரமும்

மாண்டிசோரி என்னும் பெயரை நீங்கள் கேள்விப்படாமல் இருக்க முடியாது. நம் நகரங்களில் எத்தனையோ பாலர் பள்ளிகள் அந்தப் பெயரைப் பலகையில் எழுதி மாட்டியிருக்கின்றன. அவற்றுள் பலவற்றின் சம்பளத்தைக் கேட்டாலே கூலிவேலை செய்யும் தகப்பன் மறுபேச்சின்றித் திரும்பிவிடுவான். ஆனால் அந்தப் பெயருக்குரிய அம்மையார் நடத்திய முதல் வீட்டில் பெற்றோரிடம் ஒரு காசும் வாங்கவில்லை என்பதும், அது வேலைக்குப் போகும் ஏழைத் தாய்மாரின் பிள்ளைகளுக்காகவே திறக்கப்பட்டது என்பதும் உங்களுக்குத் தெரியுமா? அந்தச் சரித்திரத்தைச் சற்றுக் கேளுங்கள்.

மரியா மாண்டிசோரி 1870-ம் ஆண்டு ஆகஸ்டு 31-ம் தேதி, இத்தாலி தேசத்தில் அங்கோனா நகருக்கு அருகேயுள்ள கியாரவால்லே என்னும் ஊரில், கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தார். தகப்பனார் அரசாங்க உத்தியோகஸ்தர். பெற்றோருக்கு இவர் ஒரே பிள்ளை. பெண்கள் வைத்தியம் படிப்பது அரிதாயிருந்த அக்காலத்தில் பல எதிர்ப்புகளைத் தாங்கிப் படித்து, 1896-ல் ரோமாபுரிச் சர்வகலாசாலையில் டாக்டர் பட்டம் பெற்றார். அந்தத் தேசத்தில் அப்பட்டம் பெற்ற முதற்சில பெண்களுள் அவரும் ஒருவர்.

இனி, அவருடைய வாழ்க்கையில் நெடுங்காலம் மறைத்து வைக்கப்பட்டிருந்த ஒரு துயரத்தைச் சொல்ல வேண்டும். 1898-ல் அவருக்கு மாரியோ என்னும் ஆண் குழந்தை பிறந்தது. உடன் வேலை செய்த ஒரு வைத்தியரே தகப்பன். அவர்களுக்குள் விவாகம் நடைபெறவில்லை. ஊரார் பேச்சுக்கு அஞ்சி, குழந்தையை நாட்டுப்புறத்தில் ஒரு குடும்பத்தாரிடம் வளர்க்க விட்டார்கள். தாய் அவ்வப்போது போய்ப் பார்த்து வருவார்; பிள்ளையோ அவரைத் தன் தாயென்று அறியான். தம் தாயார் காலமான பிறகே, சுமார் பதினைந்து வயதுப் பையனாயிருந்த மகனை அவர் தம்மோடு சேர்த்துக்கொண்டார். இதைப் பற்றித் தீர்ப்புச் சொல்ல நாம் யார்? பெற்ற பிள்ளையைப் பிறர் கையில் விட்டுவிட்டு வேலைக்குப் போகும் தாயின் மனம் எப்படித் துடிக்கும் என்பதை அவர் புத்தகத்தில் படித்து அறியவில்லை. அதை மட்டும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

ரோமாபுரியில் சான் லொரென்ஸோ என்றொரு பேட்டை உண்டு. ஏழைகளே திருச்சபையின் பொக்கிஷம் என்று காட்டிய வேதசாட்சி அர்ச். லாரன்ஸ் அடக்கமான கோவில் அதன் அருகே இருப்பதால் அந்தப் பெயர் வந்தது. 1880-ம் ஆண்டுகளில் லாபத்தை எதிர்பார்த்து அங்கே பெரிய பெரிய மாடிக் கட்டடங்களை எழுப்பினார்கள். பிறகு பணமுடை ஏற்படவே, வேலை பாதியில் நின்றது. கதவில்லாத, தண்ணீரில்லாத அந்தக் கட்டடங்களில் ஏழை ஜனங்கள் நெருக்கியடித்துக்கொண்டு குடியேறினார்கள். பின்பு ஒரு வீட்டுடைமைக் கம்பெனியார் அவற்றை வாங்கிச் செப்பனிட்டு, குறைந்த வாடகைக்கு விட்டார்கள்.

ஆனால் ஒரு தொல்லை முளைத்தது. பகலில் தாயும் தகப்பனும் கூலிக்குப் போய்விடுவார்கள். பெரிய பிள்ளைகள் பள்ளிக்கூடம் போவார்கள். பள்ளி வயது வராத சிறுவர்களோ கேட்பாரின்றி மாடிப்படிகளில் ஓடுவதும், புதுச் சுண்ணாம்பு பூசிய சுவரில் கிறுக்குவதுமாக இருந்தார்கள். கம்பெனியின் தலைவர் எதுவார்தோ தாலமோ என்பவர் கணக்குப் போட்டுப் பார்த்தார். ஆண்டுதோறும் சுவருக்கும் படிக்கும் ஆகும் பழுதுபார்ப்புச் செலவை மிச்சம் பிடித்தால், ஓர் அறையையும் ஒரு பெண்ணின் சம்பளத்தையும் அதைக்கொண்டே கொடுத்துவிடலாம் என்று கண்டார். அந்தப் பொறுப்பை ஏற்கும்படி மாண்டிசோரி அம்மையாரைக் கேட்டார். பேர்பெற்ற டாக்டருக்கு இது தகுந்த வேலையா என்று பலர் முகம் சுளித்தும், அவர் சம்மதித்தார்.

1907-ம் ஆண்டு ஜனவரி 6-ம் தேதி, மூன்று இராஜாக்கள் திருநாளன்று, அந்த வீடு திறக்கப்பட்டது. சேசு பாலகனுக்குக் காணிக்கை கொடுத்த நாளில், சுமார் ஐம்பது ஏழைப் பாலகருக்கு ஓர் அறை கிடைத்தது! அதற்குக் குழந்தைகள் இல்லம் என்று பெயரிட்டார்கள். கணக்குப் புத்தகத்தில் அது பள்ளிக்கூடம் அல்ல, கட்டடப் பராமரிப்புச் செலவுதான். ஆகையால் பள்ளிக்கூடப் பெஞ்சுகள் வாங்கப் பணம் கிடையாது. அதற்குப் பதிலாக அம்மையார் வீட்டில் புழங்குவதைப் போன்ற சிறு மேசைகளும் நாற்காலிகளும் செய்வித்தார். பிற்காலத்தில் உலகமெல்லாம் புகழ்ந்த அந்தச் சிறு நாற்காலிகள் பணமுடையில் பிறந்தவை.

பெற்றோர் சம்பளம் கட்ட வேண்டியதில்லை. ஆனால் அவர்களுக்குச் சில கடமைகள் இருந்தன. பிள்ளையைக் குறித்த நேரத்தில், குளிப்பாட்டி, சுத்தமான உடையோடு அனுப்ப வேண்டும். பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் பெண்ணுக்கு மரியாதை காட்ட வேண்டும். தாயானவள் வாரம் ஒரு முறையாவது வந்து, பிள்ளையைப் பற்றி அவளோடு பேச வேண்டும். அந்தப் பெண்ணும் அதே கட்டடத்தில் குடியிருக்க வேண்டும். இதன் கருத்தைப் பாருங்கள். இது பிச்சையாயிருந்தால் வாங்குகிறவர் தலை குனிந்து நிற்பார். இங்கோ தாய்மார் தங்கள் பங்கைச் செலுத்தி, தங்கள் சொந்த வீடு என்று நிமிர்ந்து வந்தார்கள்.

சில மாதங்களுக்குள் நடந்தது யாவரும் அறிந்த கதை. அழுது மிரண்ட அந்தப் பிள்ளைகள் அமைதியாக வேலை செய்யவும், ஒருவருக்கொருவர் உதவவும், எழுதவும் படிக்கவும் கற்றார்கள். உலகத்தார் அதைப் பார்த்து அதிசயித்தார்கள். அதே ஆண்டு இரண்டாம் வீடு திறந்தபோது அம்மையார் பேசியதில் ஒரு விஷயத்தைப் பலர் மறந்துவிட்டார்கள். பிள்ளையைத் தாதியிடம் விட்டுவிட்டு நிம்மதியாக வெளியே போகும் வசதி அதுவரை சீமாட்டிகளுக்கு மட்டுமே இருந்தது. இனி கூலிக்காரத் தாய்க்கும் அது உண்டு என்பதே அவர் எடுத்துச் சொன்ன பெருமை.

1908-ம் ஆண்டு டிசம்பரில் மெஸ்ஸினா நகரம் பூமியதிர்ச்சியால் அழிந்தது. தாய் தகப்பனை இழந்த பிள்ளைகளை ரோமாபுரியில் மரியாயின் பிரான்சிஸ்கன் மிஷனரிக் கன்னியர்கள் தங்கள் மடத்தில் சேர்த்துக்கொண்டார்கள். அங்கேயும் அம்மையாரின் முறைப்படி ஓர் இல்லம் நடந்தது. அந்தக் கன்னியர் சபை 1877-ல் உதித்தது எங்கே தெரியுமா? நம் உதகமண்டலத்தில்தான்!

பின்னாளில் அம்மையாரே நம் நாட்டுக்கு வந்தார். 1939-ல் சென்னை அடையாற்றில் ஆசிரியர்களுக்குப் பயிற்சி கொடுத்தார். மறு ஆண்டு இத்தாலி யுத்தத்தில் சேர்ந்தது. கூட வந்திருந்த மாரியோவை ஆங்கிலேய அரசாங்கம் காவலில் வைத்தது. அவருடைய எழுபதாம் பிறந்தநாளை முன்னிட்டு மகனை விடுவித்தார்கள். வெளியார் முன் மகனென்று சொல்ல முடியாமல் தவித்த தாய்க்கு இதைவிடப் பெரிய வெகுமதி ஏது? 1942 முதல் 1944 வரை கோடைக்கானலில் தங்கிச் சிறுபிள்ளைகளோடு உழைத்தார். 1952-ம் ஆண்டு மே 6-ம் தேதி ஹாலந்து தேசத்தில் நோர்ட்வைக் என்னும் கடற்கரையூரில் மரித்து, அங்குள்ள கத்தோலிக்கக் கல்லறைத் தோட்டத்தில் அடக்கமானார்.

வாசகர்களே! இந்தச் சரித்திரம் நமக்குச் சொல்லுவதென்ன? ஏழைத் தாய் வேலைக்குப் போனால் அவள் பிள்ளையைப் பார்த்துக்கொள்ள ஒரு செலவு உண்டு. யாரும் கொடுக்காவிட்டாலும் அந்தச் செலவு மறைந்துபோகாது. படிப்பை நிறுத்திவிட்டுத் தம்பியை இடுப்பில் சுமக்கும் பத்து வயது அக்காள் அதைக் கொடுக்கிறாள். அல்லது, பூட்டிய வீட்டுக்குள் தனியே அழும் குழந்தை கொடுக்கிறது. தாயின் உழைப்பால் லாபமடைகிறவர் அதில் பங்கேற்பதே நியாயம். தாலமோ புண்ணியவான் என்று பெயரெடுக்க அதைச் செய்யவில்லை. கணக்குப் பார்த்தே செய்தார். ஐம்பது பேருக்குக் குறையாமல் வேலை செய்யும் ஸ்தாபனம் குழந்தைகள் காப்பகம் வைக்க வேண்டும் என்று 2017-ல் நம் நாட்டில் சட்டம் திருத்தப்பட்டதும் இதே நியாயத்தால்தான்.

ஆகையால் சிறு குழந்தையுள்ள தாய்மாரே, வெட்கப்பட வேண்டாம். வேலை செய்யும் இடத்தில் காப்பகம் உண்டா என்று கேளுங்கள். உங்கள் தெருவிலுள்ள அங்கன்வாடியில் ஆறு வயதுக்குட்பட்ட பிள்ளைகளுக்குச் சம்பளமில்லை. அங்கே போய் விசாரியுங்கள். அப்படியும் வழி பிறக்காவிட்டால் பங்குக் குருவானவரிடமோ, வின்சென்ட் தெ பவுல் சபையாரிடமோ சொல்லுங்கள்.

வசதியுள்ள குடும்பத்தாரே, உங்களுக்கும் ஒரு வார்த்தை. நாளைக் காலை உங்கள் வீட்டுப் பாத்திரம் துலக்க ஒரு பெண் வருவாள். அந்த நேரத்தில் அவளுடைய குழந்தை எங்கே, யாரோடு இருக்கிறது என்று அவளிடம் கேட்டதுண்டா? நாளைக்குக் கேளுங்கள். அவள் சொல்லும் பதிலைக் கேட்டபின், உங்கள் பங்கு எவ்வளவு என்று நீங்களே கணக்குப் போடுங்கள். சிறு பிள்ளைகளைத் தம்மிடம் அழைத்து ஆசீர்வதித்த நமது ஆண்டவர் அந்தக் கணக்கையும் பார்த்துக்கொண்டிருக்கிறார்.