கடல் காத்த நான்காம் குஞ்ஞாலி மரைக்காயர்

கிழக்கே சோழமண்டலக் கரையிலும் மேற்கே மலபார்க் கரையிலும் கடலையே கழனியாகக் கொண்டு வாழ்ந்தவர் மரைக்காயர். அப்பெயரை உலகறியச் செய்தோர், கோழிக்கோட்டுச் சாமூதிரி மன்னரின் கடற்படைத் தலைவர்களாய் விளங்கிய குஞ்ஞாலி மரைக்காயர் நால்வர் ஆவர்.

1498இல் வாஸ்கோடகாமா வந்திறங்கிய பின்னர், போர்த்துகீசியர் பொதுக்கடலைத் தம் உடைமையாக்க முனைந்தனர். 'கர்த்தாஸ்' என்னும் அனுமதிச் சீட்டுப் பெறாத கப்பல்களைப் பறித்தனர். அவர்தம் பெருங்கப்பல்களை மரைக்காயர், துடுப்பால் விரையும் சிறு படகுகளைக் கொண்டு தாக்கி மறைந்தனர். அப்போரின் களமொன்று நம் தமிழ்க் கரையிலும் அமைந்தது. 1538இல் இராமேசுவரத்திற்கு அண்மையிலுள்ள வேதாளையில் சாமூதிரியின் கடற்படை தோல்வியுற்றது. ஆயினும் போராட்டம் ஓயவில்லை. மூன்றாம் குஞ்ஞாலி, மன்னரின் இசைவு பெற்று, வடகரைக்கு அண்மையில் ஆற்றின் முகத்துவாரத்தில் கோட்டை எழுப்பினார்.

1595இல் அவர் மறைய, அவருடைய மருமகன் முகம்மது நான்காம் குஞ்ஞாலி ஆனார். கோட்டையை வலுப்படுத்திய அவர், நாளடைவில் தம்மை அரசராகவே கருதலானார் என்றும், சாமூதிரியின் யானையின் வாலை அறுத்து அவமதித்தார் என்றும் குற்றம் சாட்டப்பட்டது. இவற்றுள் பெரும்பாலானவை பகைவர் எழுதிவைத்த குறிப்புகள் என்பதை நாம் மறத்தலாகாது. எனினும் மன்னருக்கும் தளபதிக்கும் பிளவு நேர்ந்தது உண்மை. அப்பிளவில் பறங்கியர் நுழைந்தனர். நூறாண்டுப் பகைவருடன் சாமூதிரி கைகோத்தார்.

1599இல் கூட்டுப்படையின் முதல் தாக்குதல் படுதோல்வி கண்டது. மறுமுறை படைநடத்தி வந்தவர், 1591இல் யாழ்ப்பாண அரசை வீழ்த்திய அந்திரே ஃபுர்த்தாதோ. கடல்வழியும் நிலவழியும் அடைபட, உணவின்றி வாடியது கோட்டை. உயிருக்குத் தீங்கில்லை என்ற சாமூதிரியின் உறுதிமொழியை நம்பி, 1600 மார்ச்சில் குஞ்ஞாலி வெளியே வந்தார். தலையில் கருந்துணி கட்டி, வாளின் முனையைத் தாழ்த்திப் பிடித்து நடந்துவந்து, அவ்வாளை மன்னரிடமே ஒப்படைத்தார். அக்கணமே ஃபுர்த்தாதோ அவரைப் பற்றி இழுத்தார். வாக்குத் தவறக் கண்ட நாயர் வீரர்கள் கொதித்தெழுந்தும் பயனில்லாது போயிற்று. கோவாவிற்குக் கொண்டுசெல்லப்பட்ட குஞ்ஞாலி அங்கே தலை துண்டிக்கப்பட்டார். அத்தலை உப்பிடப்பட்டுக் கண்ணூருக்கு அனுப்பப்பட்டது.

மும்பையிலுள்ள இந்தியக் கடற்படைத் தளமொன்று இன்று குஞ்ஞாலியின் பெயரைத் தாங்கி நிற்கிறது. 2000ஆம் ஆண்டில் நடுவண் அரசு அஞ்சல்தலை வெளியிட்டுச் சிறப்பித்தது. மன்னரை மதியாமை தளபதியின் குறை எனின், பகைவனை வீட்டிற்குள் அழைத்தது மன்னரின் குறையாகும். இருவர் குறைக்கும் விலை கொடுத்தது நம் கடல்.