ஃபூமியோ ஹயாசாகா: திரைக்குப் பின்னே ஒலித்த இசை

'ஏழு சாமுராய்' என்னும் ஜப்பானியத் திரைப்படத்தைக் கண்டவர், அதன் தொடக்கத்தில் முழங்கும் முரசொலியை எளிதில் மறவார். இயக்குநர் அகிரா குரோசவாவின் பெயரை உலகறியும். அம்முரசொலியைத் தந்த ஃபூமியோ ஹயாசாகாவை அறிந்தோர் சிலரே. நாற்பத்தோராண்டே வாழ்ந்த அவ்விசைஞரின் வாழ்வை ஈண்டு நினைவு கூர்வோம்.

1914-ஆம் ஆண்டு செண்டாய் நகரில் பிறந்த ஹயாசாகா, வடபுலத்துச் சப்போரோவில் வளர்ந்தார். இசையைப் பெரிதும் தாமே பயின்று தேர்ந்தார். ஆங்கு அவருக்கு வாய்த்த தோழர் அகிரா இஃபுகுபே. பின்னாளில் 'கோட்ஜில்லா' படத்திற்கு இசையமைத்தவர் அவரே. 1938-இல் வைன்கார்ட்னர் பரிசு பெற்ற ஹயாசாகா, மறு ஆண்டே தோக்கியோ சென்று திரையுலகில் புகுந்தார்.

1948-இல் 'குடிகாரத் தேவதை' படத்தில் குரோசவாவோடு இணைந்தார். காசநோயுற்ற இளம் ரவுடி ஒருவன், செல்வாக்கெல்லாம் இழந்து கடைத்தெருவில் தளர்ந்து நடக்கிறான். சோகக் காட்சிக்குச் சோக இசை என்பதே அந்நாளைய வழக்கம். இருவரும் அவ்வழக்கை விடுத்தனர். ஒலிபெருக்கியில் குதூகலமான குயில் வால்ட்ஸ் ஒலிக்கிறது. அம்மகிழ்ச்சியே அவன் துயரை இருமடங்காக்குகிறது. காட்சிக்குப் பின்னே ஓடும் ஏவலாளாக அன்றி, காட்சியோடு வாதிடும் தோழனாக இசையை நிறுத்தியதே இவர்தம் தலையாய கொடை என்போம்.

1950-இல் வெளிவந்த 'ராஷோமோன்' அடுத்த ஆண்டு வெனிஸ் விழாவில் தங்கச் சிங்கம் வென்றது. அதன் இசை ராவெலின் பொலேரோவை ஒத்திருப்பதாக மேனாட்டார் குறை கூறினர். அக்குறையில் உண்மை இல்லாமல் இல்லை. அத்தகைய இசையைக் கேட்டவர் இயக்குநரே என்பதையும் மறத்தலாகாது. கென்ஜி மிசோகுச்சியின் 'உகெட்சு' முதலிய படங்களிலோ ஜப்பானிய மரபிசையின் சாயல் தெளிவாகக் கேட்கிறது. நம் செவிக்கு அவையே இன்னும் நெருங்கியவை.

'ஏழு சாமுராய்' வெளிவந்த 1954-ஆம் ஆண்டில் அமெரிக்கா பிகினித் தீவில் ஹைட்ரஜன் குண்டைச் சோதித்தது. அதன் கதிரியக்கச் சாம்பல் ஜப்பானிய மீன்பிடிப் படகொன்றின் மீது படிந்தது. காசநோயால் நலிந்திருந்த ஹயாசாகா, இத்தகைய அச்சம் சூழ்ந்த உலகில் எங்ஙனம் பணியாற்றுவது எனக் குரோசவாவிடம் கவன்றார். அவ்வுரையாடலே அணுகுண்டுக்கு அஞ்சும் முதியவரின் கதையாகத் திரையில் உருப்பெற்றது. ஆயின் 1955 அக்டோபரில், படப்பணி முடியுமுன்னரே ஹயாசாகா மறைந்தார். எஞ்சிய இசையை அவர்தம் மாணவர் மசாரு சாதோ நிறைவு செய்தார். அவருக்கு உதவியாளராயிருந்த இளைஞர் தோரு தகெமிட்சு, 1957-இல் நரம்பிசைக் கருவிகளுக்கென ஓர் இரங்கலிசை இயற்றி அவர் நினைவுக்குப் படைத்தார்.