சுற்றுகளை எண்ணிய பெருமகன்: வெண்டல் ஸ்காட்

பிறப்பினால் ஒரு மனிதனுக்குக் கதவுகளை அடைத்துவிடும் கொடுமை ஒரு நாட்டிற்கு மட்டும் உரியதன்று. அடைபட்ட கதவின் முன் நின்று அழுதோரும் உண்டு. அதனைத் தட்டித் தட்டித் திறந்தோரும் உண்டு. திறந்தோர் வரிசையில் வைத்துப் போற்றத்தக்கவர் அமெரிக்க நாட்டுக் கார்ப் பந்தய வீரர் வெண்டல் ஸ்காட் ஆவார். இவ்வெள்ளி விழா மலரைக் கையிலேந்தும் மாணவ மணிகளுக்கு அப்பெருமகனின் வரலாற்றைச் சுருக்கமாக எடுத்துரைக்க விழைகிறோம்.

வெண்டல் ஆலிவர் ஸ்காட் 1921ஆம் ஆண்டு ஆகஸ்டு 29ஆம் நாள் வர்ஜீனியா மாநிலத்தின் டான்வில் நகரில் கறுப்பினக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். டான்வில், புகையிலைக் கிடங்குகளும் பருத்தி ஆலைகளும் நிறைந்த ஊர். பள்ளி வேறு, இருக்கை வேறு, உணவு விடுதி வேறு என வெள்ளையரையும் கறுப்பரையும் பிரித்து வைத்த சட்டங்கள் அன்று அங்கே கோலோச்சின. ஸ்காட்டின் தந்தையார் வசதி படைத்த வெள்ளையர் இல்லங்களில் கார் ஓட்டுநராகவும் மெக்கானிக்காகவும் பணியாற்றியவர். எந்திரத்தின் மீது மகன் கொண்ட காதல் தந்தை வழி வந்தது. ஆலையில் பிறரின் ஏவலுக்கு உட்பட்டு வாழ்நாளைக் கழிப்பதில்லை என்று இளமையிலேயே அவர் உறுதி பூண்டார்.

உயர்நிலைப் பள்ளிப் படிப்பை முடிக்க இயலாமல் அவர் வாடகைக் கார் ஓட்டினார். இரண்டாம் உலகப் போரின்போது, கறுப்பினத்தவரைத் தனியே பிரித்து வைத்திருந்த இராணுவப் பிரிவில் ஐரோப்பாவில் பணிபுரிந்தார். போர் முடிந்து திரும்பியதும் டான்வில்லில் மோட்டார் பட்டறை ஒன்றை நிறுவினார். வருவாய் போதாத நிலையில், இரவு வேளைகளில் கள்ளச்சாராயத்தைக் காரில் ஏற்றிச் சென்று விற்கும் தொழிலிலும் ஈடுபட்டார். 1949இல் பிடிபட்டு நன்னடத்தைக் கண்காணிப்பின் கீழ் வைக்கப்பட்டார். இதனை மறைத்து எழுதுவது வரலாறாகாது. காவலர் துரத்த மலைப்பாதைகளில் கார் ஓட்டிய அக்கலையே பிற்காலத்தில் பந்தயத் தடத்தில் அவருக்குக் கைகொடுத்தது. அக்காலத்து வெள்ளையின வீரர் பலருக்கும் அதுவே பயிற்சிக்களமாக அமைந்திருந்தது.

தொழிற்சாலையில் செய்யப்பட்டு மக்கள் வாங்கும் காரின் அமைப்பையே அடிப்படையாகக் கொண்டு வேகத்திற்கெனத் திருத்தியமைக்கப்படும் வண்டியை ஸ்டாக் கார் என்பர். அமெரிக்கத் தென்மாநிலங்களில் இப்பந்தயம் பெருவழக்காக இருந்தது. 1948இல் நாஸ்கார் என்னும் சங்கம் தோன்றி இதனை ஒழுங்குபடுத்தியது. இவ்வரங்கில் கறுப்பினத்தவருக்கு இடமில்லை என்பதே எழுதப்படாத விதியாக இருந்தது.

1952ஆம் ஆண்டு மே மாதம் டான்வில் பொருட்காட்சித் திடலில் நடந்த பந்தயத்திற்குக் கூட்டம் சேர்க்க எண்ணிய அமைப்பாளர்கள், கறுப்பின ஓட்டுநர் ஒருவரைக் களத்தில் இறக்கினால் வேடிக்கை பார்க்க மக்கள் திரள்வர் என்று கருதினர். விரைந்து ஓட்டுபவர் யாரெனக் காவலர்களிடமே விசாரித்தனர். காவலர்கள் சுட்டியது ஸ்காட்டை! இவ்வாறு காட்சிப் பொருளாக அழைக்கப்பட்டவர், வீரராக நிலைத்துவிட்டார். அதன்பின் நாஸ்கார் பந்தயம் ஒன்றிற்குக் காரை இழுத்துக்கொண்டு சென்றபோது, நிறம் காரணமாகத் திருப்பி அனுப்பப்பட்டார். மனம் தளராது சிறிய களங்களில் ஓட்டி வெற்றிகளைக் குவித்து, பின்னர் நாஸ்கார் உரிமத்தையும் பெற்றார். 1959இல் வர்ஜீனியா மாநில அளவில் தம் பிரிவின் வாகையர் பட்டமும் அவருக்குக் கிட்டியது.

1961ஆம் ஆண்டு மார்ச்சு 4ஆம் நாள் தென் கரோலினாவின் ஸ்பார்ட்டன்பர்க் நகரில், நாஸ்காரின் தலையாய பிரிவான கிராண்டு நேஷனல் பந்தயத்தில் அவர் அடியெடுத்து வைத்தார். பெரிய நிறுவனங்களின் பொருளுதவி பெற்றோர் புத்தம்புதுக் கார்களுடன் வருவர். ஸ்காட்டோ பிறர் ஓட்டிக் கழித்த காரை வாங்கித் தாமே பழுது பார்ப்பார். பயன்படுத்திய டயர்களும் உதிரிப் பாகங்களுமே அவரது மூலதனம். வாரநாட்களில் பட்டறை, வாரக்கடைசியில் பந்தயம். அவருடைய புதல்வர்களே உதவிப் படையினர். விடுதிகளில் இடம் கிடைக்காத ஊர்களில் குடும்பத்துடன் வண்டியிலேயே உறங்கினார். தடத்தில் அவரை வேண்டுமென்றே இடித்துத் தள்ளியோரும் இருந்தனர். அவருடைய நேர்மையைக் கண்டு நண்பரான வெள்ளையரும் இருந்தனர். இரண்டையும் கூறுவதே நீதியாகும்.

1963ஆம் ஆண்டு அவர் வாழ்வில் மறக்கவொண்ணாதது. அவ்வாண்டு ஜூன் 10ஆம் நாள் டான்வில்லில் உரிமை கேட்டு அமைதியாகத் திரண்ட கறுப்பின மக்கள் மீது தடியடியும் நீர்க்குழாய்த் தாக்குதலும் நடந்தன. ஆறு திங்கள் கழிவதற்குள், டிசம்பர் 1ஆம் நாள், புளோரிடா மாநிலத்து ஜாக்சன்வில்லில் 200 சுற்றுகள் கொண்ட பந்தயம் நடைபெற்றது. அரை மைல் நீளமுள்ள மண் தடம் அது. 25 சுற்றுகள் எஞ்சியிருந்த வேளையில் புகழ்பெற்ற ரிச்சர்டு பெட்டியை முந்திச் சென்று ஸ்காட் முதலிடம் பிடித்தார். ஆனால் அவர் 200 சுற்றுகளை முடித்தபோது வெற்றிக் கொடி அசைக்கப்படவில்லை. அவர் நிறுத்தாமல் ஓட்டினார். அவருக்கு இரண்டு சுற்று பின்தங்கி வந்த பக் பேக்கருக்கே கொடியும் கோப்பையும் கிட்டின.

ஸ்காட் தம் கணக்கில் உறுதியாக நின்று மறுபரிசீலனை கோரினார். கூட்டம் கலைந்து சென்று சில மணி நேரம் கழிந்த பின்னரே, வென்றவர் ஸ்காட் என்று அதிகாரிகள் ஒப்புக்கொண்டனர். பரிசுப் பணம் வந்தது. ஆயினும் மக்கள் முன்னிலையில் நின்று பெற வேண்டிய பெருமை வரவில்லை. கணக்கெழுதியோரின் பிழை என்று காரணம் கூறப்பட்டது. மேடையில் வெள்ளையினப் பெண்ணிடமிருந்து கறுப்பின வீரர் கோப்பை பெறும் காட்சியைத் தவிர்க்கவே அவ்வாறு செய்தனர் என்பது ஸ்காட்டின் கருத்து. நாம் இங்கே எண்ணிப் பார்க்க வேண்டியது ஒன்றுண்டு. கணக்கேடு பிறர் கையில் இருக்கும்போது, வென்றவனும் தோற்றவனாக எழுதப்படுவான். தன் கணக்கைத் தானே எண்ணி வைத்திருந்தமையால்தான் ஸ்காட்டினால் அவ்வேட்டைத் திருத்தச் செய்ய முடிந்தது.

அதற்குப் பின்னும் அவர் சோர்ந்தாரில்லை. முன்பு அவருக்கு இடமளிக்க மறுத்த டார்லிங்டன் களத்திலும் 1965இல் ஓட்டினார். 1966ஆம் ஆண்டின் புள்ளிப் பட்டியலில் ஆறாம் இடம் பெற்றார். மொத்தம் 495 பந்தயங்களில் கலந்துகொண்டு 147 முறை முதல் பத்து இடங்களுக்குள் வந்தார். பழைய காரையும் சொந்தக் கையையும் நம்பிய ஒருவருக்கு இஃது எளிய செயலன்று. தாம் பாதியில் விட்ட கல்வியைத் தம் பிள்ளைகள் விடலாகாது என்று கருதி அவர்களைக் கல்லூரிக்கு அனுப்பிப் படிக்க வைத்தார் என்பது நம் உள்ளத்தை நெகிழச் செய்கிறது.

1973ஆம் ஆண்டு மே 6ஆம் நாள் அலபாமா மாநிலத்தின் டல்லடேகா களத்தில் பல கார்கள் ஒன்றோடொன்று மோதிய பெருவிபத்தில் ஸ்காட் படுகாயமுற்றார். விலா எலும்புகளும் இடுப்பெலும்பும் முறிந்தன. அவ்வாண்டே மீண்டும் ஒருமுறை சார்லட் களத்தில் ஓட்டிப் பன்னிரண்டாம் இடத்தில் முடித்து, பந்தய வாழ்விலிருந்து விடைபெற்றார். 1977இல் அவர் வாழ்வைத் தழுவிய திரைப்படம் ஒன்று வெளிவந்தது. டான்வில்லில் பட்டறைத் தொழிலைத் தொடர்ந்த அவர், 1990ஆம் ஆண்டு டிசம்பர் 23ஆம் நாள் புற்றுநோயால் இயற்கை எய்தினார்.

உரிய சிறப்புகள் அவர் மறைவுக்குப் பின்னரே வந்து சேர்ந்தன. 2015இல் நாஸ்காரின் புகழ் மன்றத்தில் அவர் பெயர் பொறிக்கப்பட்டது. ஜாக்சன்வில் வெற்றிக்குரிய கோப்பையை 2021 ஆகஸ்டில் அச்சங்கம் அவர் குடும்பத்தாரிடம் வழங்கியது. ஒரு கோப்பை உரியவர் இல்லம் சேர ஏறத்தாழ 58 ஆண்டுகள் ஆயின! அதே ஆண்டு அக்டோபரில், ஸ்காட் வீழ்ந்த அதே டல்லடேகாவில் பப்பா வாலஸ் என்னும் கறுப்பின இளைஞர் வென்று, அத்தலையாய பிரிவில் வெற்றி கண்ட இரண்டாமவர் ஆனார்.

காலம் தாழ்த்தி வந்த நீதியைக் கண்டு மகிழ்வதா, தாழ்ந்ததற்காக வருந்துவதா? இரண்டும் நமக்கு வேண்டும் என்போம். வாய்ப்பு வரட்டும் என்று காத்திராமல், கிடைத்த பழைய டயரை மாட்டிக்கொண்டு களம் புகுந்தவர் ஸ்காட். மாணவ மணிகளே! கல்வியென்னும் களத்தில் நீங்கள் கடக்கும் ஒவ்வொரு சுற்றையும் நீங்களே எண்ணிக் குறித்து வையுங்கள். கொடி அசையவில்லை என்பதற்காக ஓட்டத்தை நிறுத்திவிடாதீர்கள்.